நிழல் நகலுக்கு எவ்வளவு உயிர்? ஒரு நருட்டோ சண்டை விளையாட்டைக் கட்டிய அனுபவம்

நருட்டோ என்ற ஜப்பானிய அனிமே (அசைபடத்) தொடரின் நாயகனை வைத்து, இருவர் எதிரெதிரே நின்று மோதும் சண்டை விளையாட்டு ஒன்றை மன்னார்குடியில் உள்ள எங்கள் டி.டி.பி. கடையின் பின்னறையில் உருவாக்கினோம். அந்த வேலையை இங்கே எழுதி வைக்கிறேன். கோடை விடுமுறைக்கு வந்திருந்த அக்கா மகன், சோனி யாய் அலைவரிசையில் தமிழில் ஒளிபரப்பான அந்தத் தொடரைக் கரைத்துக் குடித்தவன். எனக்குப் படங்களைச் செப்பனிடவும், நிறங்களைக் குறைக்கவும், நீண்ட உரைக்கோப்புகளில் பிழை தேடவும் தெரியும். இடையில் எங்களுக்குள் எழுந்த வாதங்களில் ஓவியத்தைப் பற்றியவை குறைவு. தொடரில் எல்லையே இல்லாத ஒரு வீரனை, எதிரில் நிற்பவரும் வெல்ல வாய்ப்புள்ள ஓர் ஆட்டத்துக்குள் எப்படி அடக்குவது என்பதே மீண்டும் மீண்டும் கேள்வியாயிற்று. ஆகவே இந்தப் பதிவிலும் அந்தப் பகுதிதான் நீளமாக இருக்கும்.

அனிமே ரசிகர்கள் தாங்களே கட்டிக்கொள்ளும் சண்டை விளையாட்டுகள் பலவற்றுக்கும் அடித்தளமாக இருப்பது முகென் என்ற இயந்திரம், அதாவது விளையாட்டை ஓட்டும் அடிப்படை மென்பொருள். எலெக்பைட் குழு அதை 1999-இல் டாஸ் இயங்குதளத்துக்காக வெளியிட்டது. இயந்திரத்தின் மூலநிரல் மூடப்பட்டிருந்தாலும், ஒரு வீரனின் நடை, அடி, தற்காப்பு ஆகிய அனைத்தும் நோட்பேடில் திறந்து திருத்தக்கூடிய உரைக்கோப்புகளாகவே இருந்தன. நிரலாளர் அல்லாதவர்களும் ஆயிரக்கணக்கில் இதில் இறங்கியதற்கு அதுவே காரணம் என்பது என் எண்ணம். டிராகன் பால் வீரர்களைப் பழைய ஆர்கேட் பாணியில் புதிதாக வரைந்து உருவாக்கிய ஹைப்பர் டிராகன் பால் இசட் இந்த இயந்திரத்தில்தான் ஓடுகிறது. இதே காலத்தில் பெயர்பெற்ற ப்ளீச் வெர்சஸ் நருட்டோ என்ற விளையாட்டு, உலாவியில் அசைபடங்களை ஓட்டும் ஃபிளாஷ் மென்பொருளில் எழுதப்பட்டது. 2020 டிசம்பர் இறுதியோடு ஃபிளாஷுக்கான ஆதரவு நின்றபோது, உலாவியில் நேரடியாகத் திறந்து ஆடும் வசதி அதற்கு இல்லாமற்போயிற்று. முகெனும் 2013-இல் வந்த 1.1 சோதனைப் பதிப்புக்குப் பிறகு வளரவில்லை. அதனால் நாங்கள் இக்கெமென் கோ என்ற இயந்திரத்தைத் தேர்ந்தெடுத்தோம். அது கோ மொழியில் எழுதப்பட்டு, எம்.ஐ.டி. உரிமத்தின்கீழ் மூலநிரலோடு கிடைக்கிறது. முகெனுக்காக எழுதிய வீரர் கோப்புகளைப் படிக்கிறது. விண்டோஸ், லினக்ஸ் இரண்டிலும் ஓடுகிறது. கடையில் ஒரு கணினி லினக்ஸில் இருப்பதால் கடைசிக் காரணம் எங்களுக்கு முக்கியமானது.

வேலையைத் தொடங்குமுன் உரிமையைப் பற்றி ஒரு முடிவுக்கு வந்தோம். அதிகாரபூர்வக் கையடக்க விளையாட்டுகளிலிருந்து வீரர்களின் படங்களை உருவி எடுத்து முகெனில் பொருத்துவது ரசிகர்களிடையே பரவலான வழக்கம். நாங்கள் அதைச் செய்யவில்லை. ஒவ்வொரு படத்தையும் தாளில் வரைந்தோம். வரைந்தது நாமே ஆனாலும் பாத்திரம் நருட்டோவைப் படைத்த கிஷிமொட்டோவினுடையது என்பதால், முடித்த விளையாட்டை எங்கும் பதிவேற்றுவதில்லை, விற்பதுமில்லை, வீட்டுக்குள் ஆடுவதோடு சரி என்றும் பேசிக்கொண்டோம். இதில் எனக்கு ஒரு முன்னுதாரணம் நினைவில் இருந்தது. மை லிட்டில் போனி பாத்திரங்களை வைத்து ரசிகர் குழு ஒன்று கட்டிவந்த சண்டை விளையாட்டை, 2013-இல் உரிமையாளரான ஹாஸ்ப்ரோ நிறுத்தச் சொல்லிக் கடிதம் அனுப்பியது. அந்தக் குழு பாத்திரங்களைப் புதிதாகப் படைத்து, 2020-இல் தெம்ஸ் ஃபைட்டின் ஹெர்ட்ஸ் என்ற பெயரில் முழுமையாக வெளியிட்டது. நருட்டோவுக்கு எதிராக நிற்கும் இரண்டாவது வீரரை முற்றிலும் எங்கள் கற்பனையாகவே வைத்துக்கொண்டதற்கு இதுவே காரணம்: சிலம்பக் கம்பு ஏந்திய ஒரு பெண். நாளை நருட்டோவை எடுத்துவிட்டாலும் மீதி எங்களுடையதாக நிற்கும்.

படங்களைப் பென்சிலில் வரைந்து, மை தீட்டி, கடையின் ஸ்கேனரில் 300 டி.பி.ஐ. அளவில் எடுத்து, ஏறத்தாழ 100 பிக்சல் உயரத்துக்குச் சுருக்கினோம். மேடையின் அளவு 320-க்கு 240 என்பதால் அந்த உயரம் பொருத்தமாக இருந்தது. சுருக்கியவுடன் கோடுகள் மங்கிப் பிசிறாகும்; அவற்றை ஒவ்வொரு புள்ளியாகத் திருத்துவதுதான் நேரத்தை விழுங்கும் வேலை. இக்கெமென் கோ முழுவண்ணப் படங்களை ஏற்கும் என்றாலும், 256 நிற அட்டவணை முறையையே கடைப்பிடித்தோம். அட்டவணையில் முதல் இடம் ஒளிபுகும் பின்னணிக்கு உரியது. மீதி இடங்களில் ஆரஞ்சுச் சட்டைக்கு, தோலுக்கு, முடிக்கு என்று தனித்தனி வரிசைகளை ஒதுக்கிவிட்டால், இருவரும் ஒரே வீரனைத் தேர்ந்தெடுக்கும்போது சட்டை நிறத்தை மட்டும் மாற்ற இன்னோர் அட்டவணை போதும். கல்யாணப் பத்திரிகைக்கு நிறம் பிரித்த பழக்கம் இங்கே நன்றாகக் கைகொடுத்தது. மாதாந்திரப் பராமரிப்புக்காகப் பகல் முழுவதும் மின்சாரம் நிறுத்தப்படும் நாள்களைத் தாளில் வரைவதற்கென்றே ஒதுக்கிக்கொண்டோம்.

புதிதாக இதில் இறங்குபவர்கள் அடிக்கும் படங்களை முதலில் வரைவார்கள். அடிபடும் படங்களை முதலில் வரையுமாறு நான் சொல்வேன். இயந்திரத்தில் ஒவ்வோர் அசைவுக்கும் ஓர் எண் உண்டு; 5000 முதல் தொடங்கும் வரிசை எண்கள் அடிபடுவதற்கு உரியவை: நின்றபடி மேலடி வாங்குவது 5000, வயிற்றில் வாங்குவது 5010, குந்தியபடி வாங்குவது 5020, காற்றில் தூக்கியெறியப்படுவது 5030, தரையில் விழுவது 5100, கிடப்பது 5110, எழுவது 5120 என்று அவை நீளும். எதிராளியின் அடி உங்கள் வீரனை இந்த எண்களைக் கொண்டே அசைக்கிறது. இவை இல்லாத வீரன் அடிபட்டவுடன் திரையிலிருந்து காணாமற்போவான். எத்தனை அழகான அடியை வைத்திருந்தாலும் அவனோடு ஒரு சுற்றுகூட ஆட முடியாது.

படங்களுக்கு மேல் பெட்டிகள் வருகின்றன. ஃபைட்டர் ஃபேக்டரி என்ற மென்பொருளில் ஒவ்வொரு படத்தின்மீதும் நீலப் பெட்டியும் சிவப்புப் பெட்டியும் வரைய வேண்டும். நீலம் அடிபடக்கூடிய உடல், சிவப்பு அடிக்கும் பகுதி. சிவப்பு எதிராளியின் நீலத்தைத் தொட்டால்தான் அடி விழும். ஓவியத்தில் முட்டி எங்கே இருக்கிறது என்பதை இயந்திரம் பார்ப்பதில்லை. சிலம்பப் பெண்ணை வடிவமைக்கும்போது இது பெரிய கேள்வியாயிற்று. ஊரில் சிலம்பம் கற்றுத்தரும் ஆசிரியர் ஒருவர் எங்களுக்காகச் சில வீச்சுகளைச் செய்துகாட்ட, அவர் இசைவோடு கைப்பேசியில் பதிவுசெய்து, அதிலிருந்து முக்கியமான நிலைகளை மட்டும் வரைந்திருந்தோம். கம்பு நீளமானது. கம்பு முழுவதும் சிவப்பும், கையோடு நிற்கும் நீலமும் என்று வைத்தால், அவள் எட்ட நின்று அடித்துக்கொண்டே இருப்பாள். எதிராளி அவளைத் தொடவே முடியாது. கம்பின் பாதி வரை நீலத்தை நீட்டினோம். அதாவது, தவறான நேரத்தில் வீசினால் கம்பில் விழும் அடியும் அவளுக்கே வலிக்கும். சிலம்பம் தெரிந்தவர் இதைக் கேட்டால் சிரிப்பார், ஆனால் ஆட்டத்துக்கு அது தேவைப்பட்டது.

பெட்டிக்கு அடுத்தது காலம். ஒரு நொடிக்கு 60 டிக் என்பது இயந்திரத்தின் கணக்கு. எல்லா அசைவுகளையும் டிக்கில்தான் எழுதுகிறோம். நருட்டோவின் சிறு குத்து 4 டிக்கில் தொடும். கம்பு வீச்சு தொட 11 டிக் ஆகும். தவறினால் மீண்டும் கட்டுப்பாடு வர 20 டிக். குத்து வேகமானது, குட்டையானது; வீச்சு மெதுவானது, நீளமானது. இந்த எண்களை மாற்றி மாற்றி ஆடிப்பார்க்கும்போது கன்ட்ரோலோடு சி விசையை அழுத்திப் பெட்டிகளைத் திரையில் காட்டச் செய்வதும், ஆட்டத்தை நிறுத்திவைத்து ஸ்குரோல் லாக் விசையால் ஒவ்வொரு டிக்காக நகர்த்துவதும் மிகவும் உதவின. கண்ணுக்கு ‘இது பட்டிருக்க வேண்டுமே’ என்று தோன்றும் அடி ஏன் படவில்லை என்பது அப்போதுதான் விளங்கும்.

இனி நிழல் நகல், அதாவது நருட்டோ தன்னைப் போலவே பலரை உருவாக்கிக்கொள்ளும் வித்தை. தொடருக்கு மூலமான மங்காவின் (படக்கதையின்) முதல் அத்தியாயத்திலேயே நருட்டோ, துரோகியான ஆசிரியன் மிசுகியை எதிர்த்துத் தன் நகல்களை ஒரு கூட்டமாகவே நிறுத்திவிடுகிறான். அக்கா மகன் அதையே கேட்டான். “மாமா, அவன் ஆயிரம் நகல் எடுப்பான். நீங்க ரெண்டுன்னா எப்படி?” என்றான். “ஆயிரம் பேரும் வந்துட்டா எதிராளி எங்கடா நிப்பான்?” என்றேன். சிரித்தானே தவிர ஒப்புக்கொள்ளவில்லை.

இயந்திரத்தில் நகலை உருவாக்க இரண்டு வழிகள் உண்டு. ‘எக்ஸ்பிளாட்’ என்பது வெறும் காட்சி. அது அடிக்காது, அடிபடாது, நிறையவே நிறுத்தலாம். ‘ஹெல்ப்பர்’ என்பது தனி உயிரும் தனி நிலைகளும் உள்ள முழு வீரன். அவன் குத்தலாம், குத்து வாங்கலாம். எனவே கூட்டத்தை முதல் வழியிலும், சண்டையிடும் நகலை இரண்டாவது வழியிலும் வைப்பதென்று தீர்ந்தது. வெற்றி பெற்ற பிறகு திரை நிறைய நருட்டோக்கள் தோன்றிக் கும்மாளமிடுவார்கள். சண்டைக்குள் ஒரு நேரத்தில் இரண்டு பேருக்கு மேல் வர மாட்டார்கள். அந்த வரம்பு ‘நம்ஹெல்ப்பர்’ என்ற நிபந்தனையால் காக்கப்படுகிறது: ஏற்கெனவே இருவர் இருந்தால் கட்டளை செல்லாது.

தொடரில் நகல் ஓர் அடியிலேயே புகையாகிவிடும். ஹெல்ப்பருக்கு உயிரை 1 என்று வைத்தால் போதும் என்று முதலில் தோன்றும். ஆனால் அப்போது அது அடிபட்டு, தள்ளாடி, தரையில் விழுந்து, அதன் பிறகே ஓயும்; புகை வராது. அடிபட்ட கணத்தில் வழக்கமான 5000 வரிசைக்குப் போகாமல், நாங்கள் எழுதிய நிலைக்குத் திருப்பிவிடும் ‘ஹிட்ஓவர்ரைடு’ என்ற கட்டுப்பாட்டை நகலுக்குள் ஒவ்வொரு டிக்கும் ஓட விட்டோம். அடி எந்த வகையானாலும் புகை நிலைக்குச் செல். புகை முடிந்ததும் தன்னை அழித்துக்கொள். உயிரின் எண்ணிக்கை இங்கே பொருட்டே இல்லை.

அடுத்த வாதம் கடுமையானது. நருட்டோவே அடி வாங்கும்போது நகல்கள் நிற்க வேண்டுமா? தொடரின்படி, அவன் ஒரு குத்து வாங்கியதற்காக நகல்கள் மறைவதில்லை. அப்படியே வைத்து ஆடிப்பார்த்தோம். சிலம்பப் பெண் சிரமப்பட்டு நெருங்கி ஓர் அடி கொடுத்தால், பின்னாலிருந்து நகல் அவளைக் குத்தி அவளுடைய தொடரடியை முறிக்கிறது. தவறு செய்தவன் நருட்டோ, தண்டனை அவளுக்கு. அந்த அமைப்பில் தாக்குவதற்கே எதிராளிக்குத் துணிவு வராது. கடைசியில், மூல வீரன் அடிபட்டால் நகல்கள் மறையும், ஆனால் குத்தைத் தொடங்கிவிட்ட நகல் அந்தக் குத்தை முடித்துவிட்டே மறையும் என்று வைத்தோம். அக்கா மகன் இதைத் தொடருக்குச் செய்த துரோகம் என்றே இன்னும் சொல்கிறான்.

விலையை நிர்ணயிப்பதில் கணக்கு உதவியது. வீரனின் உயிர் 1000. ஆற்றல் பட்டை மூன்று, மொத்தம் 3000. அடித்த சேதத்தில் 0.7 மடங்கும், வாங்கிய சேதத்தில் 0.6 மடங்கும் ஆற்றலாகச் சேரும் என்பது இயந்திரம் தானாக வைத்திருக்கும் மதிப்பு. ஒரு சுற்றில் எதிராளியின் 1000 உயிரையும் குறைத்தால் 700 கிடைக்கும், அதற்குள் நாம் 800 சேதம் வாங்கியிருந்தால் 480, ஆகமொத்தம் 1180. நகல் ஒன்றுக்கு 500 என்றால் கடும்போட்டியான சுற்றிலும் இரண்டே நகல்தான் வரும். நிழல் நகலையே அடையாளமாகக் கொண்ட வீரனுக்கு அது கஞ்சத்தனம். 300 என்று வைத்தோம். உள்ளங்கையில் சுழலும் ஆற்றல் பந்தால் தாக்கும் ரசெங்கனுக்கு ஒரு முழுப் பட்டை, அதாவது 1000. ஆகவே ஒரு சுற்றின் வருமானத்தில் மூன்று நகல்களை எடுக்கலாம், அல்லது ஒரு ரசெங்கனைப் போடலாம். இரண்டையும் சேர்த்துச் செய்ய வேண்டுமானால் முந்தைய சுற்றில் மிச்சம் பிடித்திருக்க வேண்டும்.

ரசெங்கன், ஊர்த்தலைவரான நான்காம் ஹொக்காகே உருவாக்கி, நருட்டோவின் ஆசான் ஜிராயா வழியாக நருட்டோவுக்கு வந்த நுட்பம். ஒரு கையால் சுழற்சியை உருட்டித் திரட்ட அவனுக்கு வராததால், பக்கத்தில் ஒரு நகலை நிறுத்தி அதைக்கொண்டு உருட்டச் சொல்கிறான். இந்த விவரம் ஆட்டத்துக்குக் கிடைத்த பரிசு: ஆயத்தம் நீளமாக இருப்பதற்கு ஒரு காரணம் கதையிலேயே இருக்கிறது. திரை சற்று உறைகிறது, எக்ஸ்பிளாட் நகல் வந்து கையை உருட்டுகிறது, பிறகு அவன் பாய்கிறான். சேதம் 220. தடுத்துவிட்டால் எதிராளி 18 டிக்கில் விடுபடுவார். நருட்டோவுக்கு எழுந்து நிற்க 36 டிக் ஆகும். இடைவெளி 18 டிக். கம்பு வீச்சுக்கு 11 போதும். தடுத்தவர் திருப்பி அடிப்பது உறுதி என்பதால், கண்ணை மூடிக்கொண்டு ரசெங்கன் போடும் பழக்கம் தானாகவே குறைந்தது.

நகலுக்கான கட்டளை, கீழ், கீழ்-முன், முன், பிறகு குத்து என்ற வழக்கமான கால்வட்டம். அதை 15 டிக்குக்குள் முடிக்க வேண்டும் என்பது இயல்பு அளவு. நகலுக்கு இந்த எளிய கட்டளையும் ரசெங்கனுக்கு இரட்டைக் கால்வட்டமும் வைத்தோம். கட்டளைக் கோப்பில் வரிசை முக்கியம்: இயந்திரம் மேலிருந்து படிப்பதால், கடினமான கட்டளை மேலேயும் எளியது கீழேயும் இருக்க வேண்டும். மாற்றி வைத்தால் ரசெங்கனுக்காக வட்டமிட்டவருக்கு நகல்தான் வந்து நிற்கும்.

மூலையில் ஒரு முடிவில்லாத் தொடரடி வெளிப்பட்டது. திரையின் நடுவில் குத்தும்போது எதிராளி பின்னால் சறுக்கி எட்டாமல் போய்விடுவார். மூலையில் அவருக்குச் சறுக்க இடமில்லை, சிறு குத்தை விடாமல் அழுத்தினால் சுற்று முடியும்வரை அவர் நகர முடியாது. இது ரசிகர் விளையாட்டுகளின் நிரந்தர நோய். மூலையில் அடி விழும்போது அடித்தவரையே பின்னுக்குத் தள்ளும் வேக அளவு ஒன்று அடி வரையறைக்குள் இருக்கிறது, அதைக் கூட்டினோம். மேலும், மூன்றாவது சிறு குத்துக்குப் பிறகு நான்காவதை ஏற்காதபடி ஒரு மாறியில் எண்ணிக்கை வைத்தோம்.

மேடைக்கு எங்கள் ஊர் ஹரித்ரா நதியையே எடுத்துக்கொண்டோம். பெயர் நதி என்றாலும் அது ராஜகோபாலசுவாமி கோயிலின் தெப்பக்குளம். ஏறத்தாழ 23 ஏக்கர் பரப்பும் நடுவில் மண்டபமும் கொண்டது. வானம் அசையாது, எதிர்க்கரை மரங்கள் மெல்ல நகரும், நடு மண்டபம் பாதி வேகத்தில் நகரும், முன்னே உள்ள படித்துறை வீரர்களோடு முழு வேகத்தில் நகரும். இவ்வாறு நான்கு அடுக்குகளுக்கு வெவ்வேறு வேகம் கொடுத்தவுடன் குளத்தின் அகலம் திரையில் தெரிந்தது. ஆனித் தெப்பம் ஒன்றையும் நீரில் விட்டோம். மேலும் கீழும் 2 பிக்சல், 120 டிக் சுழற்சி என்று ஒரே வரியில் எழுதினால் அது இரண்டு நொடிக்கு ஒருமுறை ஏறி இறங்கும்.

ஒலிகளைத் தொடரிலிருந்து எடுக்கவில்லை. துவைக்கிற கல்லில் ஈரத்துண்டை ஓங்கி அடித்த ஒலி சிறு குத்துக்கும், காய்ந்த தென்னை மட்டையை முறித்த ஒலி கம்படிக்கும் பொருந்தின. ரசெங்கனுக்கு மேசை விசிறிக்கு அருகே கைப்பேசியை வைத்துப் பதிவுசெய்து வேகத்தைக் கூட்டினோம். அடி வரையறையில் ஒலி எண்ணுக்கு முன் ‘எஸ்’ என்ற எழுத்தைச் சேர்த்தால்தான் வீரனின் சொந்த ஒலிக்கோப்பு ஒலிக்கும். இல்லையென்றால் இயந்திரத்தின் பொது ஒலியே வரும்.

சுற்று அறிவிப்புகளைத் தமிழில் வைத்தோம். படங்களாக அடுக்கிய எழுத்துருவில் எழுத்துகள் ஒவ்வொன்றாக வரிசையில் வைக்கப்படுவதால், ‘மோது’ என்பதில் கொம்பும் காலும் இடம் மாறி நிற்கும். அதனால் ‘முதல் சுற்று’, ‘மோது!’, ‘வெற்றி’ ஆகியவற்றை முழுச் சொற்களாகவே கடையில் அமைத்துப் படங்களாக்கி, அறிவிப்பு அசைவுகளில் பொருத்தினோம். பத்திரிகை எழுத்தின் தடிப்பு திரைக்கும் நன்றாகவே இருந்தது.

கடைசிச் சிக்கல் விசைப்பலகையில் வந்தது. இருவர் ஒரே பலகையில் ஆடும்போது, ஒருவர் கீழும் முன்னும் சேர்த்து அழுத்தியிருக்க, மற்றவரின் குத்து சில வேளைகளில் பதிவாகவே இல்லை. விலை குறைந்த பலகைகளில் விசைகள் குறுக்கும் நெடுக்குமாகக் கம்பி வலையில் இணைந்திருக்கும். வலையில் ஒரு செவ்வகத்தின் மூன்று மூலைகள் ஒரே நேரத்தில் அழுந்தினால் நான்காவது மூலையும் அழுந்தியதா என்று பலகையால் பிரித்தறிய முடியாது. ஆகவே அது மூன்றாவது விசையை விட்டுவிடும். ஜாய்ஸ்டிக் வாங்கும் எண்ணம் இல்லாததால், பழுதான கணினியிலிருந்து கழற்றி வைத்திருந்த இன்னொரு யூ.எஸ்.பி. பலகையைச் செருகினோம். ஒவ்வொரு பலகைக்கும் தனி வலை என்பதால் தவறுதல் நின்றது. கணினி இரண்டு பலகைகளையும் ஒன்றாகவே பார்க்கும். எனவே இடது ஆட்டக்காரருக்கு எழுத்து விசைகளும், வலது ஆட்டக்காரருக்கு அம்புக்குறிகளும் எண் விசைகளும் என்று பிரித்து, ஒருவருக்கு ஒதுக்கிய விசையை மற்றவருக்கு ஒதுக்காமல் அமைப்பில் பதிந்துவிட வேண்டும்.